தேயிலைப் பெட்டியில் 41 பழைய சஞ்சிகைகள்: வருடி வைக்கலாம், இணையத்தில் இடலாமா?

கொட்டகலை வாசகன் கேட்டது:

அனைவருக்கும் வணக்கம். என் பெரியப்பா தோட்டப் பாடசாலை ஒன்றில் நீண்ட காலம் ஆசிரியராக இருந்தவர். அவர் காலமான பின்னர் வீட்டை ஒதுக்கியபோது, பரணில் கிடந்த பழைய தேயிலைப் பெட்டி ஒன்றுக்குள், 1961 முதல் 1967 வரை இலங்கை மலையகத்திலிருந்து வெளிவந்து பின்னர் நின்றுபோன ஒரு சஞ்சிகையின் 41 இதழ்கள் இருந்தன. பெட்டியின் உட்புறத்தில் ஒட்டப்பட்டிருந்த ஈயத்தாள்தான் இத்தனை ஆண்டு மழையிலிருந்து அவற்றைக் காப்பாற்றியிருக்க வேண்டும். மூடி உடைந்திருந்த பக்கத்தில் ஐந்தாறு இதழ்கள் பூஞ்சணம் பிடித்து ஒட்டிப்போயிருக்கின்றன. மற்றவை பழுப்பேறியிருந்தாலும் பிரித்துப் படிக்கலாம். முதல் நான்கு இதழ்கள் ரோனியோவில் (மெழுகுத்தாள் கொண்டு நகலெடுக்கும் பொறியில்) எடுக்கப்பட்டவை, அதன் பின்னர் வந்தவை அச்சுக் கோத்து அச்சிடப்பட்டவை. விலை 25 சதம்.

சஞ்சிகையின் பெயரை இப்போதைக்குக் குறிப்பிடாமல் விடுகிறேன். அதற்கான காரணம் கேள்வியிலேயே இருக்கிறது.

இவற்றை வருடி (ஸ்கேன் செய்து) எண்ணிமப்படுத்தி, எங்கள் பகுதி இளைஞர்கள் கைபேசியிலேயே வாசிக்கும்படி இணையத்தில் இட வேண்டும் என்பது என் விருப்பம். ஒவ்வோர் இதழின் கடைசிப் பக்கத்திலும் சந்தா செலுத்தியவர்களின் பெயர்கள் தோட்டத்தோடும் டிவிசனோடும் அச்சிடப்பட்டிருக்கின்றன. அந்தப் பட்டியலில் தன் தாத்தாவின் பெயரைக் கண்ட என் நண்பன், தாத்தாவுக்கு வாசிக்கத் தெரியும் என்பதே அன்றுதான் தனக்குத் தெரியவந்தது என்றான். 1965ஆம் ஆண்டு இதழொன்றில், எந்த நாட்டுக் குடியுரிமைக்கு விண்ணப்பிப்பது என்று ஒரே லயத்து (தொழிலாளர் வரிசைக் குடியிருப்பு) அண்ணனும் தம்பியும் வாக்குவாதப்படுவதை ஒருவர் உரையாடலாக எழுதியிருக்கிறார்; மூன்று பக்கந்தான், ஆனாலும் அதைப் போன்ற ஒன்றை நான் வேறெங்கும் வாசித்ததில்லை.

சஞ்சிகையின் ஆசிரியர் காலமாகிவிட்டார். அச்சகம் இருந்த இடத்தில் இப்போது கைபேசிக் கடை இருக்கிறது. எழுதியவர்கள் முப்பது பேருக்கு மேல், அவர்களில் பாதிப் பேர் புனைபெயரில் எழுதியவர்கள். மற்றவர்களிலும் பலர் 1964ஆம் ஆண்டு இந்திய-இலங்கை ஒப்பந்தத்தின் கீழ் இந்தியாவுக்குப் போய்விட்டதாகப் பெரியப்பா ஓரங்களில் பென்சிலால் குறித்து வைத்திருக்கிறார். அறுபது ஆண்டுகளுக்கு முன்னர் நின்றுபோன சஞ்சிகைக்கு யார் உரிமை கோரி வரப்போகிறார்கள் என்று ஒரு நண்பர் சொல்கிறார். அனுமதியின்றி ஒரு பக்கத்தைக்கூட ஏற்றக்கூடாது என்று இன்னொருவர் எச்சரிக்கிறார். எதைக் கேட்பது? வருடி வைப்பதே தவறாகிவிடுமா? இந்தப் பணியில் அனுபவமுள்ளவர்கள் வழிகாட்டினால் நன்றியுடையவனாவேன்.

பதுளை நூலகர் (ஓய்வு) எழுதியது:

தம்பி, உரிமைபற்றிச் சட்டம் தெரிந்தவர்கள் சொல்லட்டும். தாள் அதுவரை காத்திருக்காது என்பதால் நான் தாளைப்பற்றிச் சொல்லிவிடுகிறேன்.

அந்தக் காலத்துச் சஞ்சிகைகள் பெரும்பாலும் மலிவான செய்தித்தாளில் அச்சிடப்பட்டவை. மரக்கூழிலுள்ள லிக்னின் நீக்கப்படாத தாள் அது. வெளிச்சமும் காற்றும் பட்டால் மஞ்சளாகி, உள்ளிருக்கும் அமிலத்தால் நாளடைவில் அப்பளம் போல உடையத் தொடங்கும். உங்கள் பக்கத்து ஈரப்பதனில் அதோடு பூஞ்சணமும் சேர்ந்துகொள்ளும். ஆகவே முதலில் பூஞ்சணம் பிடித்த இதழ்களை மற்றவற்றிலிருந்து பிரித்து வேறோர் அறையில் வையுங்கள். வெயிலில் காய வைக்க வேண்டாம். நிழலில், காற்றோட்டமுள்ள இடத்தில், வெள்ளைத் தாள்களுக்கு இடையில் வைத்து உலர்த்துங்கள். நன்றாக உலர்ந்த பின்னர் முகக்கவசம் அணிந்து, மென்மையான தூரிகையால் வீட்டுக்கு வெளியே வைத்துத் தட்டுங்கள். ஒட்டிக்கொண்ட பக்கங்களை விரலால் பிரிக்க முயலாதீர்கள். அவற்றைக் கடைசிக்கு விடுங்கள்.

நடுவில் இருக்கும் கம்பி ஊசிகள் துருப்பிடித்திருக்கும். அவற்றை முன்பக்கமாக இழுத்தால் தாளும் கூடவே வந்துவிடும். பின்பக்கத்தில் மடங்கியிருக்கும் இரண்டு கால்களையும் மெல்லிய தகட்டால் நிமிர்த்தி, அதன் பின்னரே எடுக்க வேண்டும். கிழிந்த இடத்தில் செலோடேப் ஒட்டிவிடாதீர்கள். நான் வேலை செய்த காலத்தில், அக்கறையுள்ள ஒருவர் ஒரு முழுத் தொகுதிக்கும் செலோடேப் ஒட்டிக் கொடுத்தார். பத்து ஆண்டுகளில் பசை பழுப்பாகித் தாளுக்குள் இறங்கி, ஒட்டிய இடத்திலிருந்த எழுத்தெல்லாம் போய்விட்டது. லாமினேற் செய்வதும் அப்படித்தான், பிறகு மீட்க முடியாது.

வருடுவதற்குத் தட்டையான வருடி இருந்தால் நல்லது. இல்லாவிட்டால், மேசைக்கு நேர் மேலே பொருத்திய கமெராவும் இரு பக்கமும் சமமாக விழும் வெளிச்சமும் போதும். அங்குலத்துக்கு 400 புள்ளிகள், வண்ணத்தில் எடுங்கள். கறுப்பு வெள்ளைச் சஞ்சிகைக்கு வண்ணம் எதற்கு என்று நினைக்க வேண்டாம், பழுப்புக் கறையையும் மங்கிய மையையும் வேறுபடுத்திக் காட்டுவது வண்ணந்தான். மெல்லிய தாளில் மறுபக்கத்து எழுத்து ஊடுருவித் தெரியும். பக்கத்துக்குப் பின்னால் ஒரு கறுப்புத் தாளை வைத்து எடுத்தால் அது பெருமளவு மறைந்துவிடும். ரோனியோ இதழ்களுக்கு இது மிக அவசியம், ஏனெனில் அந்த மை தாளுக்குள் ஊறியிருக்கும்.

மூலப்பிரதியை டிஃப் கோப்பாகவும், வாசிப்பதற்கு பிடிஎஃப் ஆகவும் வைத்துக்கொள்ளுங்கள். டெமி கால் அளவுப் பக்கம் (ஏறத்தாழ A4) ஒன்று ஏறத்தாழ 47 மெகாபைட் வரும். ஓர் இதழுக்கு 40 பக்கம் என்றால் 1.9 கிகாபைட், 41 இதழுக்கும் சேர்த்து 80 கிகாபைட்டுக்குள் அடங்கிவிடும். ஒரு சிறிய ஹார்ட் டிஸ்க் போதும். ஆனால் ஒன்றை மட்டும் வாங்காதீர்கள். இரண்டு வாங்கி, ஒன்றை வேறோர் ஊரிலிருக்கும் உறவினர் வீட்டில் வையுங்கள், மூன்றாவதாக ஒரு பிரதியை இணையச் சேமிப்பில், பிறர் பார்க்க முடியாதபடி வைத்துக்கொள்ளுங்கள். 2014 ஒக்டோபரில் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மண்சரிவு லயங்களை மூடியதைப் பார்த்த மாவட்டத்துக்காரி நான். ஒரே கூரையின் கீழ் இரண்டு பிரதி இருப்பதை நான் இரண்டாகக் கணக்கெடுப்பதில்லை.

எழுத்துணரிக்கு (படத்திலுள்ள எழுத்தைத் தட்டச்சாக மாற்றும் மென்பொருளுக்கு) அனுப்பும்போது ஒன்றைக் கவனியுங்கள். அக்கால அச்சகங்களில் பழைய அச்சு இருந்தது. ‘லை’, ‘னை’, ‘ணை’ ஆகியவற்றுக்கு யானைத் தும்பிக்கை போன்ற கொம்பும், ‘றா’, ‘னா’, ‘ணா’ ஆகியவற்றுக்குத் தனி வடிவமும் இருக்கும். இன்றைய மென்பொருள்கள் அவற்றில் அடிக்கடி தடுமாறுகின்றன. தலைப்பையும் எழுதியவர் பெயரையும் நீங்களே கையால் தட்டச்சிடுங்கள், மற்றதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

தலவாக்கலைப் பொடியன் எழுதியது:

இவ்வளவு சிந்திக்க வேண்டியதில்லை, அண்ணா. பிடிஎஃப் ஆக்கி ஒரு பொதுத் தளத்தில் ஏற்றிவிடுங்கள். யாராவது ஆட்சேபித்தால் எடுத்துவிடலாம். நம்முடைய சனத்தின் எழுத்தை நாமே வாசிப்பதற்கு யாரிடம் அனுமதி கேட்பது? 25 சதத்துக்கு விற்ற சஞ்சிகையால் இன்று யாருக்கும் வருமானம் இல்லை, ஆகவே நட்டமும் இல்லை.

கண்டியிலிருந்து ஒரு சட்டத்தரணி எழுதியது:

தம்பியின் வேகம் புரிகிறது. ஆனால் “ஆட்சேபித்தால் எடுத்துவிடலாம்” என்பது அனுமதி ஆகாது, தவறு நடந்த பிறகு செய்கின்ற பரிகாரம் அது. கேள்வி கேட்டவர் இரண்டு காரியங்களை ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொண்டிருக்கிறார் என்பதால் அதிலிருந்தே தொடங்குகிறேன். கீழே சொல்வது பொது விளக்கம். ஆவணங்களைப் பார்க்காமல் இதற்கு மேல் சொல்ல இயலாது.

இலங்கையில் இப்போது நடைமுறையிலுள்ளது 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம். அதன்படி பிரதி எடுப்பதும், எடுத்த பிரதியைப் பொதுமக்களுக்குக் கிடைக்கச் செய்வதும் தனித்தனியான உரிமைகள். பதிப்புரிமைக்குப் பதிவு தேவையில்லை. எழுதிய கணத்திலேயே அது பிறந்துவிடுகிறது. சஞ்சிகை நின்றுபோனதாலோ, பிரதிகள் கடைகளில் கிடைக்காமற் போனதாலோ, விலை 25 சதமாக இருந்ததாலோ அது இல்லாமற் போவதில்லை.

முதலாவது காரியம், பாதுகாப்பதற்காகப் பிரதி எடுப்பது. இலாப நோக்கமற்ற நூலகமோ ஆவணகமோ, தன்னிடமுள்ள பிரதியைப் பேணுவதற்காக, வேறு வழியில் நியாயமான நிபந்தனைகளுடன் அதைப் பெற முடியாதவிடத்து, ஒற்றைப் பிரதி எடுப்பதற்குச் சட்டம் இடமளிக்கிறது. தனியாள் தன் சொந்தப் பாவனைக்காக ஒரு பிரதி எடுக்கவும் இடமுண்டு. ஆனால் முழு நூலையோ அதன் பெரும்பகுதியையோ ஒளிப்பிரதி எடுப்பதற்கு அந்தச் சலுகை நீள்வதில்லை. எனவே, உங்கள் பெயரில் இதைச் செய்வதிலும், பொது நூலகம் ஒன்றோடோ, 2005ஆம் ஆண்டிலிருந்து இயங்கிவரும் நூலகம் எண்ணிம நூலகத்தோடோ சேர்ந்து செய்வது நல்லது. நடைமுறையில், பரணில் உடைந்துகொண்டிருக்கும் தாளை வருடி உங்கள் பெட்டிக்குள் வைத்திருப்பதற்காக யாரும் உங்களை நீதிமன்றத்துக்கு இழுக்கப்போவதில்லை என்பது என் கருத்து. நூலகர் அம்மா சொன்னபடி அதை இன்றே தொடங்குங்கள்.

இரண்டாவது காரியமான வெளியிடுதலில்தான் கணக்குப் பார்க்க வேண்டும், அதுவும் சஞ்சிகைக்கு ஒரு கணக்கு, அதிலுள்ள ஒவ்வோர் ஆக்கத்துக்கும் ஒரு கணக்கு.

எழுதியவரின் பெயர் தெரிந்தால், அவருடைய ஆயுட்காலமும் அவர் இறந்த பின்னர் 70 ஆண்டுகளும் உரிமை நிலைக்கும். அந்த 70ஆவது ஆண்டின் டிசம்பர் முடியும்வரை எண்ண வேண்டும். மலையகத்திலிருந்தே இரண்டு உதாரணம் சொல்லலாம். 1920களில் ‘தேசபக்தன்’ பத்திரிகை நடத்திய கோ. நடேசய்யர் 1947இல் காலமானார். அவர் எழுதியவை 2017 முடிவோடு பொதுவுடைமையாகிவிட்டன, அவற்றை எவரும் அச்சிடலாம். ஸி.வி. வேலுப்பிள்ளை 1984இல் காலமானார். அவருடைய எழுத்துக்கு 2054 முடியும்வரை உரிமை இருக்கிறது. இருவருமே தோட்டத் தொழிலாளருக்காக எழுதியவர்கள், இருவரையுமே நாம் நம்மவர் என்கிறோம், ஆனால் ஒருவரை இன்றே இணையத்தில் இடலாம், மற்றவருக்குக் குடும்பத்தாரைக் கேட்க வேண்டும். ‘தேசபக்தன்’ கிடைத்தாலும் அதில் நடேசய்யர் எழுதியதற்கு மட்டுமே இந்த விடை பொருந்தும் என்பதையும் நினைவில் வையுங்கள்.

புனைபெயரில் வந்தவற்றுக்கு, எழுதியவர் இன்னார் என்று தெரியாதவரை, முதலில் வெளியான ஆண்டிலிருந்து 70 ஆண்டு. உங்கள் 1961ஆம் ஆண்டு இதழின் புனைபெயர்க் கவிதை 2031 முடியும்வரை உரிமைக்குட்பட்டது. அதற்குள் அந்தப் புனைபெயருக்குரியவர் யாரென்று வெளிப்பட்டுவிட்டால், அவருடைய ஆயுளும் 70 ஆண்டும் என்ற கணக்குக்கு அது மாறிவிடும். சஞ்சிகை முழுமையாக ஒரு கூட்டுப் படைப்பு. யாருடைய முயற்சியாலும் வழிநடத்தலாலும் அது உருவானதோ அவருக்கு அந்தத் தொகுப்பின் பொருளாதார உரிமை இருக்கும், அதற்கும் வெளியான நாளிலிருந்து 70 ஆண்டு. ஆகவே ஆசிரியரின் வாரிசுகள் ஒப்பமிட்டுக் கொடுத்தாலும், சிறுகதை எழுதியவரின் உரிமையை அவர்களால் கொடுக்க முடியாது. அக்காலத்தில் ஒப்பந்தம் எழுதியா கதை வாங்கினார்கள்? தபாலில் வந்தது, அச்சில் ஏறியது. அந்த ஒரு தடவை அச்சிடுவதற்கான சம்மதத்துக்கு மேல் அதில் எதையும் வாசிக்க முடியாது.

உரிமையாளர் இருக்கிறார், ஆனால் எங்கேயென்று தெரியவில்லை என்ற நிலைக்கு நம் சட்டத்தில் தனி ஏற்பாடு கிடையாது. இந்தியாவின் 1957ஆம் ஆண்டுச் சட்டத்தில் இப்படிப்பட்ட ஆக்கங்களுக்குக் கட்டாய உரிமம் கோரும் வழியொன்று 31அ பிரிவில் இருக்கிறது. அங்கே காலமும் எழுதியவரின் ஆயுளோடு 60 ஆண்டுதான். ஆனால் இங்கிருந்து வெளியிடும் உங்களுக்கு அது உதவாது. நம் சட்டத்தின் 11ஆம் பிரிவிலுள்ள நியாயமான பாவனை, ஆய்வுக்கும் விமரிசனத்துக்கும் கற்பித்தலுக்கும் மேற்கோள் காட்டத் துணைசெய்யும். 41 இதழையும் அட்டை முதல் அட்டைவரை ஏற்றுவதை அதற்குள் அடக்க நான் துணியமாட்டேன்.

அனுமதி வாங்கும்போது எழுத்தில் வாங்குங்கள். உரிமத்தில் கொடுப்பவரும் பெறுபவரும் ஒப்பமிட வேண்டும் என்று சட்டமே சொல்கிறது. “போட்டுக்கொள்ளுங்கள் தம்பி” என்று தொலைபேசியில் ஒரு வார்த்தை சொன்னால் மனம் குளிரும், அதற்கு மேல் அது நிற்காது. அரைப் பக்கக் கடிதம் போதும்: எந்த ஆக்கம், எந்த இதழ், இலவசமாக வாசிக்க மட்டுமா அல்லது பதிவிறக்கவுமா, வணிகப் பாவனைக்கு இல்லை, பெயர் எப்படி வர வேண்டும். வாரிசுகள் பலர் என்றால் எல்லோருடைய ஒப்பமும் வேண்டும், அல்லது ஒருவருக்கு மற்றவர்கள் கொடுத்த அதிகாரம் வேண்டும்.

இன்றே செய்யக்கூடியது ஒன்றிருக்கிறது. தலைப்பு, எழுதியவர் பெயர், இதழ், மாதம், பக்கம் ஆகிய விபரங்கள் யாருடைய உரிமைக்கும் உட்பட்டவை அல்ல. 41 இதழுக்கும் உள்ளடக்க அட்டவணை ஒன்றைத் தயாரித்து அதை வெளியிடுங்கள். ஒவ்வொருவரையும் நீங்கள் தேடிப் போவதைவிட, அட்டவணையில் தன் தகப்பன் பெயரைக் கண்டு ஒருவர் உங்களைத் தேடி வருவது எளிது.

பொகவந்தலாவைப் பெரியவர் எழுதியது:

என் பேரன் இதை வாசித்துக் காட்டினான். அவன் தட்டச்சிட, நான் சொல்கிறேன்.

1960களில் தோட்ட அலுவலகத்தில் எழுதுவினைஞராக இருந்துகொண்டு நான் கதைகள் எழுதினேன். தொழிலாளரின் நாள் வேலையைப் பதியும் பேர்ச்சீட்டில் கொழுந்தின் நிறையைக் குறைத்து எழுதுவதைப்பற்றிக் கதை எழுதிவிட்டு, மறுநாள் காலையில் அதே அலுவலகத்தில் போய் உட்கார வேண்டும். சொந்தப் பெயரில் எழுதியிருந்தால் அந்த மாதமே வீட்டைக் காலி செய்யச் சொல்லியிருப்பார்கள். அதனால் ஒரு பூவின் பெயரை வைத்துக்கொண்டேன், என்னைப் போலப் பலர். சிலர் மனைவியின் பெயரில் எழுதினார்கள். வாசகர்கள் அந்த அம்மாவுக்குக் கடிதம் எழுதினார்கள், அது வேறு வேடிக்கை.

சில ஆண்டுகளுக்கு முன்னர் என் கதையொன்றை ஓர் இணையத்தளத்தில் பேரன் கண்டுபிடித்தான். சஞ்சிகையின் தலைப்பை வெட்டிவிட்டு, என் புனைபெயரை நீக்கிவிட்டு, குறுக்கே தங்களுடைய முத்திரையைச் சாய்வாக அடித்திருந்தார்கள். கடைசிப் பந்தியையும் காணவில்லை, அது அடுத்த பக்கத்தில் இருந்தது, அவர்கள் பக்கத்தைத் திருப்பவே இல்லை. எனக்கு எவரும் பணம் தர வேண்டியதில்லை. அந்தக் கதைக்கு அன்றைக்கே கிடைத்தது இரண்டு இலவசப் பிரதிகள்தான். ஆனால் அலுவலகத்துக்குப் பயந்து நான் மறைத்த பெயரையும் கூட இவர்கள் எடுத்துவிட்டார்கள் என்றபோது, எழுதியதற்கே ஆளில்லாமற் போனதாகத் தோன்றியது. தலவாக்கலைத் தம்பி, நட்டம் யாருக்கும் இல்லை என்கிறீர்கள். வேண்டுமானால் கொட்டகலைத் தம்பியின் கடைசிப் பக்கப் பட்டியலை நினைத்துப் பாருங்கள். பெயருக்காகத்தானே அதையும் அச்சிட்டார்கள்.

சட்டத்தரணி ஐயாவுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். 1967ஆம் ஆண்டு இதழ் 2037 முடிந்த பின்னர்தான் விடுபடும் என்று உங்கள் கணக்கு போகிறது. அப்போது எனக்கு 96 வயதாகியிருக்கும். அதுவரை காத்திருந்தால், எந்தப் புனைபெயர் யாருடையது என்று சொல்லக்கூடிய எவரும் இருக்கமாட்டார்கள். ஆகவே காத்திருக்க வேண்டாம், கேளுங்கள். ஆனால் ஒருவருடைய புனைபெயர் உங்களுக்குத் தெரியவந்தால் அதை அவரைக் கேட்காமல் வெளியிடாதீர்கள். அவர் இல்லையென்றால் பிள்ளைகளைக் கேளுங்கள். சில வீடுகளில் பிள்ளைகளுக்கே அது தெரியாது.

கோத்தகிரியிலிருந்து ஒரு வாசகி எழுதியது:

நான் நீலகிரியில் பிறந்தவள். அப்பாவும் அம்மாவும் மஸ்கெலியாவிலிருந்து தலைமன்னார் வழியாகக் கப்பலேறி இராமேஸ்வரம் வந்தவர்கள். 1964ஆம் ஆண்டு ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்று கணக்கெழுதியது. அந்தக் கணக்கில் எழுதுபவர்களும் வாசிப்பவர்களும் இருந்தார்கள் என்பதை இங்கே பலர் நினைப்பதில்லை. குன்னூர், கோத்தகிரி, கூடலூர்ப் பக்கத்துத் தேயிலைத் தோட்டக் குடியிருப்புகளில் அக்காலத்து இதழ்கள் இன்னமும் இரண்டொன்று இருக்கின்றன. எங்கள் வீட்டில் மூன்று இருந்தன, கம்பளிக்குள் சுற்றிக் கொண்டுவந்ததாக அம்மா சொல்வார். அவற்றில் ஒன்றில் அட்டை இல்லை, ஆகவே எந்தச் சஞ்சிகை என்று தெரியவில்லை. ஆனால் கடைசிப் பக்கத்தில் தோட்டப் பெயர்களோடு சந்தாதாரர் பட்டியல் இருக்கிறது, விலையும் 25 சதம்.

அண்ணன் அட்டவணையை வெளியிட்டால் எங்கள் பக்கத்து வாட்ஸப் குழுக்களில் நான் பகிர்கிறேன். பென்சிலால் “இந்தியா” என்று குறிக்கப்பட்ட பெயர்களை மட்டும் தனியாக ஒரு தாளில் அனுப்பினால் இன்னும் வசதி. இங்கே பெரியவர்களுக்கு ஆளைச் சொன்னால் தெரியாது, தோட்டத்தைச் சொன்னால் தெரியும், அதனால் தோட்டப் பெயரையும் சேர்த்து எழுதுங்கள். வருடிய பிரதியொன்றை இங்கேயும் ஒரு நிறுவனத்தில் வைக்க விரும்பினால், சென்னையில் 1994இலிருந்து ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது. பழைய தமிழ்ச் சஞ்சிகைகளைப் பேணுவதில் அவர்களுக்கு நீண்ட பழக்கம் உண்டு.

பதுளை நூலகர் (ஓய்வு) எழுதியது:

ஒன்றை விட்டுவிட்டேன். 1885ஆம் ஆண்டின் கட்டளைச் சட்டப்படி அச்சகங்கள் தாம் அச்சிட்டவற்றின் பிரதிகளை அரசிடம் ஒப்படைக்க வேண்டும், அவை கொழும்பு 7இலுள்ள தேசிய சுவடிகள் திணைக்களத்தில் பேணப்படுகின்றன. உங்களிடமில்லாத இதழ்களை அங்கே தேடிப் பாருங்கள், அச்சகத்தின் பெயரையும் ஆண்டையும் எழுதிக்கொண்டு போனால் வேலை சுருக்கமாகும். ரோனியோ இதழ்கள் அங்கே இருக்கும் என்று நான் எதிர்பார்க்கமாட்டேன், அவற்றை அச்சகம் எடுக்கவில்லையே. ஆகவே அந்த நான்கையும் முதலில் வருடுங்கள்.

கொட்டகலை வாசகன் எழுதியது:

பதில் எழுதிய அனைவருக்கும் நன்றி. தை மாதத்து வெயில் இருக்கும்போதே தொடங்கிவிட்டேன். ரோனியோ இதழ்கள் நான்கும் அச்சிதழ்களில் பதினொன்றும் வருடியாயிற்று; கறுப்புத் தாள் வைத்ததும் தெரிந்த வேறுபாட்டை என்னாலேயே நம்ப முடியவில்லை, மூன்றாம் இதழில் கறை என்று நினைத்திருந்தது மறுபக்கத்துத் தலைப்பு. நகரிலுள்ள நூலகம் ஒன்றில் பேசியிருக்கிறேன், மூல இதழ்களை அவர்களிடம் ஒப்படைத்து, பேணும் பிரதியை அவர்கள் பெயரில் எடுப்பதென்று இணங்கியிருக்கிறார்கள். பதினைந்து இதழ்களுக்கு அட்டவணை முடிந்தது, 214 தலைப்புகள். ஆக்கங்களை இப்போது ஏற்றப்போவதில்லை. ஒப்பமிட்ட கடிதம் கிடைக்கக் கிடைக்க ஒவ்வொன்றாக, சஞ்சிகையின் தலைப்போடும் பக்க எண்ணோடும் முழுப் பக்கமாகவே இடுவேன். ஆசிரியரின் மகள் நாவலப்பிட்டியில் இருப்பதைக் கண்டறிந்து கடிதம் எழுதியிருக்கிறேன்.

கோத்தகிரி அக்காவுக்குத் தோட்டப் பெயர்களுடன் பட்டியலை அனுப்பிவிட்டேன். அவர் தம்மிடமுள்ள அட்டையில்லாத இதழின் 17ஆம் பக்கத்தைப் படமெடுத்து அனுப்பினார். எழுத்தின் தேய்மானமும் பக்க ஓரக் கோடும் எங்களிடமுள்ளதோடு ஒத்துப்போகின்றன. எங்களிடம் இல்லாத 1963 மார்ச் இதழ் அதுதான் என்று நினைக்கிறேன்.

பெரியவர் ஐயாவிடம் ஒன்று கேட்க வேண்டும். 1962, 1964 இதழ்களில் ஒரு பூவின் பெயரில் மூன்று கதைகள் இருக்கின்றன. அவற்றில் ஒன்று பேர்ச்சீட்டைப்பற்றியது. உங்களுடையதாக இருக்கலாம் என்பதால் மூன்றின் முதற்பக்கங்களையும் பேரனுக்குத் தனிச்செய்தியில் அனுப்பியிருக்கிறேன், இங்கே பெயரை எழுதவில்லை. அட்டவணையில் அந்த மூன்று வரிகளை எப்படிக் குறிப்பது?

பொகவந்தலாவைப் பெரியவர் எழுதியது:

இரண்டு என்னுடையவை. மூன்றாவது என்னுடையதல்ல, அதே பூவின் பெயரை இன்னொருவரும் வைத்திருந்தார், அவர் டிக்கோயா பக்கம், எங்களுக்குள் அதுபற்றிக் கடிதப் போக்குவரத்தே நடந்தது. உங்கள் அட்டவணையில் மூன்றையும் ஒரே ஆளாக்கிவிடாதீர்கள். என் இரண்டுக்கும் கடிதத்தில் ஒப்பமிட்டுத் தருகிறேன், பேரனிடம் படிவத்தை அனுப்புங்கள். பெயர் மட்டும் அச்சில் இருந்தபடியே, அந்தப் பூவாகவே இருக்கட்டும்.